ராக்கெட் நாசில்: தொண்டையிலிருந்து தொடங்குங்கள்

ராக்கெட் எஞ்சின் படம் ஒன்றைப் பார்த்தால், கண் முதலில் போவது அடியில் விரிந்து நிற்கும் அந்தப் பெரிய மணிக்குத்தான். ஆனால் நாசில், அதாவது எரிந்த வாயு வெளியேறும் குழாய், எப்படி வேலை செய்கிறது என்று புரிய வேண்டுமானால், மணியைக் கடைசியில் பார்த்துக்கொள்ளலாம். அதற்கு மேலே, எரியறை முடிகிற இடத்தில் குழாய் ஒடுங்கிச் சிறுத்திருக்கும். அந்த இடத்துக்குத் தொண்டை என்று பெயர். எஞ்சின் எவ்வளவு வாயுவை விடும், உள்ளே எவ்வளவு அழுத்தம் நிற்கும், எவ்வளவு உதைக்கும் என்பதில் பெரும்பகுதி அங்கேயே முடிவாகிவிடுகிறது. அதற்குக் கீழே இருப்பதெல்லாம் வெளிக்காற்றோடு போடும் பேரம்.

பள்ளி இயற்பியலும் ஒரு கால்குலேட்டரும் இருந்தால் இந்த வழிகாட்டியைப் பின்தொடரலாம். கையால் செய்து பார்க்க விரும்புகிறவர்களுக்கு இரண்டு லிட்டர் குளிர்பான பாட்டில் ஒன்றும், அழுத்தமானி வைத்த சைக்கிள் பம்ப் ஒன்றும் போதும்.

படி 1: தண்ணீரில் தொடங்குங்கள்

செடிக்குத் தண்ணீர் விடும் ஹோஸின் வாயை விரலால் பாதி மூடினால் தண்ணீர் சீறிக்கொண்டு தூரமாகப் போகும். வழி குறுகினால் வேகம் கூடும் என்ற பாடத்தை எல்லோரும் இப்படித்தான் கற்றோம். நாசிலின் முதல் பாதிக்கு இந்தப் பாடம் சரியாகப் பொருந்தும், இரண்டாம் பாதிக்குப் பொருந்தாது. அதனால் முதல் பாதியைத் தண்ணீர் ராக்கெட்டில் பார்த்துவிடுவோம்.

பாட்டிலில் மூன்றில் ஒரு பங்குக்குக் கொஞ்சம் குறைவாக, சுமார் 600 மில்லி தண்ணீர் ஊற்றுங்கள். கயிற்றை இழுத்தால் விடுபடும் ஏவுதளத்தில் தலைகீழாகப் பொருத்திக் காற்றடியுங்கள். 4 பார் போதும் (ஒரு பார் என்பது ஏறத்தாழ ஒரு வளிமண்டல அழுத்தம்). பம்ப் மானியில் 58 பிஎஸ்ஐ காட்டும். அதற்கு மேல் போகாதீர்கள். கீறல் விழுந்த பாட்டிலையும் வெயிலில் கிடந்த பாட்டிலையும் எடுக்காதீர்கள். காற்றடித்த பிறகு பாட்டிலின் அருகே யாரும் போகக் கூடாது.

இப்போது கணக்கு. 4 பார் அழுத்தத்தில் தண்ணீர் வெளியே வரும் வேகம் நொடிக்குச் சுமார் 28 மீட்டர். அகன்ற பாட்டிலுக்குள் மெதுவாக நகரும் தண்ணீர் ஒடுங்கிய வாயில் இந்த வேகத்தைப் பிடிக்கிறது. அழுத்தம் அதே அளவில் இருக்கும்வரை வாய் பெரிதோ சிறிதோ, இந்த வேகம் மாறாது. மாறுவது நொடிக்கு எவ்வளவு தண்ணீர் போகிறது என்பதுதான். பாட்டிலின் கழுத்து உள்விட்டம் 22 மி.மீ. அதன் வழியே தொடக்கத்தில் கிடைக்கும் உந்துவிசை சுமார் 300 நியூட்டன். இந்த வேகத்தில் போனால் 600 மில்லியும் நொடியில் பதினைந்தில் ஒரு பங்குக்குள் தீர்ந்துவிடும். கண் இமைப்பதற்குள் எல்லாம் முடிந்துவிடும். அதே பாட்டிலின் வாயில் 9 மி.மீ. துளையுள்ள ஹோஸ் கனெக்டரை மாட்டினால் உந்துவிசை 50 நியூட்டனாக இறங்கும், ஆனால் ஆறு மடங்கு நேரம் நீடிக்கும். முதல் வகையில் பாட்டில் சட்டென்று காணாமல் போகும். இரண்டாவதில் அது உந்தி எழுவதைக் கண்ணால் பின்தொடரலாம்.

அந்தக் கனெக்டருக்குக் கீழே ஒரு அழகான மணியை ஒட்டினால் என்ன ஆகும்? ஒன்றும் ஆகாது. தண்ணீரை அமுக்க முடியாது, அதனால் அது விரியவும் விரியாது. ஒடுங்கும் பகுதி மட்டுமே அதற்கு வேலை செய்யும். மணி வாயுவுக்கு மட்டும் ஏன் தேவைப்படுகிறது என்ற கேள்வி இங்கேதான் பிறக்கிறது.

படி 2: தொண்டையில் என்ன நடக்கிறது

எரியறையில் சூடான வாயு அதிக அழுத்தத்தில் அடைபட்டிருக்கிறது. ஒடுங்கும் வழியில் அது வேகம் பிடிக்கிறது, தொண்டைக்கு வரும்போது சரியாக ஒலிவேகத்தைத் தொடுகிறது. இது நம் வழக்கமான காற்றின் ஒலிவேகம் இல்லை, அந்த இடத்தில் அந்தச் சூட்டில் அந்த வாயுவுக்கு உரிய ஒலிவேகம். ராக்கெட் வாயுவில் அது நொடிக்கு ஒரு கிலோமீட்டரைத் தாண்டுவது சாதாரணம்.

இதற்கு ஒரே நிபந்தனை, உள்ளே இருக்கும் அழுத்தம் வெளி அழுத்தத்தைப் போலக் கிட்டத்தட்ட 1.8 மடங்காவது இருக்க வேண்டும். ராக்கெட் எஞ்சின்களுக்கு இது ஒரு பொருட்டே அல்ல. அந்த நிலையை எட்டிவிட்டால் தொண்டை 'அடைத்துக்கொண்டது' என்பார்கள். வாயு நின்றுவிட்டது என்று இதற்குப் பொருள் இல்லை. வெளியே அழுத்தத்தை எவ்வளவு குறைத்தாலும் இனி ஒரு துளி வாயுகூட அதிகமாகப் போகாது. காரணம் எளிது. அழுத்தம் மாறிய செய்தி ஒலிவேகத்தில்தான் பயணம் செய்யும். அதே வேகத்தில் எதிரே வரும் ஓட்டத்தை மீறி அந்தச் செய்தியால் தொண்டைக்கு மேலே ஏற முடியாது. வெளியே என்ன நடந்தாலும் எரியறைக்குத் தெரியவே தெரியாது.

படி 3: விரிந்தால் வேகம் கூடுவது ஏன்

புதிதாக வருகிறவர்கள் தடுமாறும் இடம் இதுதான், அவசரப்படாமல் பாருங்கள். ஒரு குழாயில் எங்கே வெட்டிப் பார்த்தாலும் நொடிக்கு ஒரே அளவு வாயுதான் கடந்து போக வேண்டும். அந்த அளவு, அடர்த்தி, வேகம், பரப்பு ஆகிய மூன்றின் பெருக்கல்.

ஒலிவேகத்தில் பாதி வேகத்தில் போகும் வாயுவை எடுத்துக்கொள்ளுங்கள். அதன் வேகத்தை 1 சதவீதம் கூட்டினால் அடர்த்தி கால் சதவீதம் மட்டுமே குறைகிறது. பெருக்கல் சமமாக வர, பரப்பு முக்கால் சதவீதம் குறைய வேண்டும். அதாவது குழாய் ஒடுங்க வேண்டும். ஹோஸ் சொன்ன பாடம் இதுதான்.

இப்போது ஒலியைப் போல இரண்டு மடங்கு வேகத்தில் போகும் வாயு. வேகத்தை அதே 1 சதவீதம் கூட்டினால் அடர்த்தி 4 சதவீதம் சரிகிறது. வாயு அவ்வளவு வேகமாக உப்புகிறது. அதற்கு இடம் கொடுக்கப் பரப்பு 3 சதவீதம் கூட வேண்டும். ஆகவே குழாய் விரிய வேண்டும். ஒலிவேகத்துக்குக் கீழே ஒடுக்கினால் வேகம், மேலே போனால் விரித்தால் வேகம். இரண்டுக்கும் நடுவே திரும்பும் இடம் தொண்டை.

ஒடுங்கி விரியும் இந்தக் குழாயை ராக்கெட்காரர்கள் கண்டுபிடிக்கவில்லை. ஸ்வீடனைச் சேர்ந்த குஸ்டாஃப் டி லாவால் 1880களில் நீராவி டர்பைனுக்காகச் செய்தது அது. அமெரிக்காவின் ராபர்ட் காடர்ட் 1915 வாக்கில் ராக்கெட்டுகளைச் சோதித்தபோது, சாதாரண வாண ராக்கெட் தன் மருந்தின் ஆற்றலில் ஏறத்தாழ 2 சதவீதத்தை மட்டுமே வேகமாக மாற்றுகிறது என்று அளந்தார். டி லாவாலின் குழாயைப் பொருத்திய பிறகு அவருடைய எண் 60 சதவீதத்தைத் தாண்டியது. புகழ்பெற்ற அவருடைய திரவ எரிபொருள் ராக்கெட் பறந்தது 1926-இல். நாசில் வேலை அதற்கு வெகு முன்பே முடிந்துவிட்டது.

படி 4: ஒரு எஞ்சினைக் கணக்குப் போடுங்கள்

சூத்திரம் சின்னதுதான்:

உந்துவிசை = கெழு × எரியறை அழுத்தம் × தொண்டைப் பரப்பு

மனிதர்களை நிலவுக்கு அனுப்பிய சாட்டர்ன் 5 ராக்கெட்டின் எஃப்-1 எஞ்சினை எடுத்துக்கொள்வோம். எரியறை அழுத்தம் சுமார் 70 பார், அதாவது சதுர மீட்டருக்கு 70 லட்சம் நியூட்டன். தொண்டையின் விட்டம் சுமார் 89 செ.மீ., பரப்பு 0.62 சதுர மீட்டர். இரண்டையும் பெருக்கினால் கிட்டத்தட்ட 43.5 லட்சம் நியூட்டன். கடல்மட்டத்தில் அந்த எஞ்சின் உண்மையில் தந்தது 67.7 லட்சம் நியூட்டன், ஏறத்தாழ 690 டன் எடையைத் தூக்கும் விசை. ஒன்றை மற்றதால் வகுத்தால் 1.55 வருகிறது. இதுதான் கெழு.

இந்த 1.55-இல் நாசிலின் ஒடுங்கும் பகுதிக்கு மட்டும் ஏறத்தாழ 1.23 வரை சேரும். தொண்டையோடு எஞ்சினை வெட்டிவிட்டாலும் அவ்வளவு உந்துவிசை கிடைத்திருக்கும். மிச்சம், அதாவது அந்த 1.23-இல் கால் பங்குக்கும் கொஞ்சம் கூடுதல், மணி சம்பாதித்துக் கொடுத்தது. கால் பங்கு என்றால் ராக்கெட்டில் பெரிய சொத்துதான். இருந்தாலும் முதல் தொண்டையுடையது, மணி தருவது வட்டி.

படி 5: மணி எவ்வளவு பெரிதாக இருக்க வேண்டும்

மணியின் வாய்ப் பரப்பைத் தொண்டைப் பரப்பால் வகுத்தால் பரப்பு விகிதம் கிடைக்கும். எஃப்-1-க்கு அது 16. விட்டத்தில் நான்கு மடங்கு, அதனால் வாய் மூன்றரை மீட்டருக்குச் சற்று மேல்.

மணி நீளநீள வாயு வேகமெடுக்கும், அழுத்தம் விழும். வெளியேறும்போது அதன் அழுத்தம் வெளிக்காற்றின் அழுத்தத்துக்குச் சமமாக இருந்தால் அந்த உயரத்துக்கு அதுதான் உச்ச உந்துவிசை. வாயுவின் அழுத்தம் கூடுதலாக இருந்தால் இன்னும் விரித்திருக்கலாம், வாய்ப்பு வீண். குறைவாக இருந்தால் வெளிக்காற்று மணியின் வாயை எதிர்த்து அமுக்குகிறது, அதற்குத் தண்டம் கட்ட வேண்டும். ராக்கெட் ஏற ஏறக் காற்று குறைந்துகொண்டே போகும். மணியோ ஒரே அளவு. ஆகவே ஏதோ ஒரு உயரத்தில் மட்டும்தான் பொருத்தம் சரியாக அமையும்.

எஃப்-1-க்குத் தோராயமாகக் கணக்குப் போட்டால் வாயில் அழுத்தம் அரை பாருக்கு அருகே வருகிறது. தரையில் கொஞ்சம் தண்டம், ஆறு கிலோமீட்டர் உயரம் வாக்கில் சரியான பொருத்தம், அதற்கு மேல் வாய்ப்பு வீண். இன்னும் பெரிய மணி வைத்திருக்கலாமே என்றால், அங்கே ஒரு எல்லை உண்டு. வாயின் அழுத்தம் வெளி அழுத்தத்தில் பத்தில் நான்கு பங்குக்குக் கீழே போனால் ஓட்டம் சுவரை விட்டுப் பிரிந்துவிடும். அதுவும் ஒரே சீராகப் பிரியாது. ஒரு பக்கம் ஒட்டியும் மறுபக்கம் விலகியும் மணியைப் பக்கவாட்டில் உலுக்கும். விண்வெளி ஓடத்தின் ஆர்எஸ்-25 எஞ்சின் (பரப்பு விகிதம் 69) பற்றவைக்கும் காட்சியை மெதுவாக ஓடும் வீடியோவில் பாருங்கள். அழுத்தம் ஏறி முடியும் வரை அந்த உலோக மணி நடுங்குவது கண்ணுக்கே தெரியும்.

விண்வெளியில் மட்டும் எரியும் எஞ்சினுக்கு இந்தத் தொல்லை இல்லை. ஸ்பேஸ்எக்ஸ் நிறுவனத்தின் ஃபால்கன் 9 ராக்கெட்டில் கீழ்நிலை மெர்லின் எஞ்சினுக்கு விகிதம் 16, மேல்நிலை மெர்லினுக்கு 165. இன்னொரு மேல்நிலை எஞ்சினான ஆர்எல்-10பி-2-க்கு 280. இவற்றைத் தரையில் எரித்துச் சோதிப்பதுதான் தலைவலி. எல்விஎம்-3 ராக்கெட்டின் மேல்நிலையில் இருக்கும் இஸ்ரோவின் சிஇ-20 எஞ்சினுக்கு விகிதம் 100, வாயில் அழுத்தம் சுமார் 50 மில்லிபார், அதாவது வளிமண்டலத்தில் இருபதில் ஒரு பங்கு. அப்படியே தரையில் எரித்தால் ஓட்டம் பிரிந்து நாசில் கெட்டுவிடும். திருநெல்வேலி மாவட்டம் மகேந்திரகிரியில் வெற்றிடம் உண்டாக்கும் சோதனைக்கூடத்துக்குள் வைத்து அதை எரிப்பார்கள். 2024 நவம்பர் 29 அன்று அங்கேயே நாசிலைக் காக்கும் தனி அமைப்பு ஒன்றைப் பொருத்திக் கடல்மட்ட அழுத்தத்திலேயே எரித்துக் காட்டினார்கள்.

மணியில் பேரம் பேச இடமுண்டு என்பதற்கு 2010 டிசம்பரில் நடந்ததைச் சொல்லலாம். டிராகன் விண்கலத்தின் முதல் பயணத்துக்கு முன், ஃபால்கன் 9-இன் மேல்நிலை நாசில் ஓரத்தில் விரிசல் தெரிந்தது. புது நாசில் மாற்ற நேரமாகும். பயணத்துக்கு முழுத் திறன் தேவைப்படவில்லை. அதனால் மெல்லிய நயோபியம் உலோகத் தகட்டின் அடிப்பகுதியில் கிட்டத்தட்ட நான்கு அடியைக் கத்தரித்து எடுத்துவிட்டார்கள். ராக்கெட் டிசம்பர் 8 அன்று பறந்தது, வேலையும் முடிந்தது. இதையே தொண்டையில் செய்ய முடியுமா என்று யோசித்துப் பாருங்கள். அங்கே விட்டம் கொஞ்சம் மாறினாலும் எரியறை அழுத்தமே மாறிவிடும்.

வடிவத்தைப் பற்றி அதிகம் சொல்ல வேண்டியதில்லை. அச்சிலிருந்து 15 பாகை விரியும் நேர்க்கூம்புகூட நன்றாகவே வேலை செய்யும். வாயு பக்கவாட்டில் சிதறுவதால் இழப்பது 2 சதவீதத்துக்கும் குறைவு. கூம்பைவிடக் குட்டையாகவும் எடை குறைவாகவும் இருக்கும் வளைந்த மணிக்கு 1950களின் இறுதியில் கணக்கு வகுத்தவர் ராக்கெட்டைன் நிறுவனத்தில் வேலை செய்த இந்தியர் ஜி. வி. ஆர். ராவ். இன்றைக்கும் அந்த வடிவத்துக்கு அவர் பெயர்தான்.

படி 6: உருகாமல் இருப்பது எப்படி

ஆர்எஸ்-25-இன் எரியறையில் வெப்பம் 3,300 டிகிரி செல்சியஸ். உள்சுவர் தாமிரக் கலவை. தாமிரம் 1,085 டிகிரியில் உருகிவிடும். நாசில் முழுவதிலும் வெப்பம் மிக உக்கிரமாகச் சுவரில் ஏறும் இடம் தொண்டைதான், ஏனென்றால் அடர்த்தியான வாயு அங்கேதான் அதிக வேகத்தில் உரசுகிறது. வழி என்ன? எரிபொருளையே முதலில் சுவருக்குள் ஓடவிட்டு, சூட்டை வாங்கிக்கொண்ட பிறகு எரியறைக்கு அனுப்புகிறார்கள். ஆர்எஸ்-25-இன் மணி ஒரே தகடு அல்ல. 1,080 மெல்லிய குழாய்களைப் பக்கத்துப் பக்கத்தில் பற்றவைத்துச் செய்தது. அவற்றுக்குள் ஓடுவது மிகக் குளிர்ந்த ஹைட்ரஜன்.

1999 ஜூலை 23 அன்று கொலம்பியா ஓடம் சந்திரா தொலைநோக்கியோடு கிளம்பியபோது, ஒரு எஞ்சினின் உள்ளே ஆக்சிஜன் துளை ஒன்றை அடைத்திருந்த தங்கமுலாம் பூசிய சிறு ஊசி தெறித்து, மணியின் உள்சுவரில் மோதியது. 1,080-இல் மூன்று குழாய்கள் கிழிந்தன. ஹைட்ரஜன் கசிந்தது. கசிவை ஈடுகட்ட எஞ்சின் கூடுதல் ஆக்சிஜனை எடுத்துக்கொண்டது, கடைசியில் ஆக்சிஜன் கொஞ்சம் முன்னதாகவே தீர்ந்து எஞ்சின்கள் நின்றன. நொடிக்கு ஐந்து மீட்டர் வேகம் குறைந்தது, அவ்வளவோடு போயிற்று. இன்னும் சில குழாய்கள் போயிருந்தால் கதை வேறு.

எஃப்-1 இன்னொரு வழியைக் கையாண்டது. மணியின் கீழ்ப்பகுதியில் டர்பைனை ஓட்டி முடித்த, ஒப்பளவில் ஆறிய புகையைச் சுவரையொட்டிப் படலமாக விட்டார்கள். சாட்டர்ன் 5 கிளம்பும் படங்களில் நாசிலுக்கு நேர்கீழே சுடர் கறுப்பாகத் தெரிவது அந்தப் புகையால்தான், அதற்குக் கீழேதான் தீப்பிழம்பு பளீரென்று தொடங்கும். மேல்நிலை மெர்லினின் மணி செக்கச்சிவக்கக் காய்ந்து வெப்பத்தை விண்வெளிக்குக் கதிராக வீசிவிடுகிறது. பிஎஸ்எல்வியின் நான்காம் நிலைக்கும் அப்படிப்பட்ட உலோக மணிதான் இருந்தது. அதற்குப் பதிலாகக் கார்பன்-கார்பன் (கார்பன் இழைகளைக் கார்பனாலேயே பிணைத்த பொருள்) மணியை இஸ்ரோ 2024-இல் மகேந்திரகிரியில் எரித்துச் சோதித்தது. மணியின் எடையில் மூன்றில் இரண்டு பங்கு குறைந்து, 15 கிலோ கூடுதல் சுமை ஏற்ற வழி பிறந்தது.

படி 7: மாதிரி ராக்கெட்டின் மோட்டார்

இப்போது கட்டைவிரல் பருமன் மோட்டாருக்கு வருவோம். சி6-5 என்று அட்டைக்குழாயின் மேல் அச்சிட்டிருந்தால் இப்படிப் படியுங்கள். 'சி' என்றால் மொத்த உந்தம் 5-க்கு மேல், 10 நியூட்டன்-நொடிக்குள். 6 என்பது சராசரி உந்துவிசை, நியூட்டனில். 5 என்பது எரிந்து முடிந்தபின் பாராசூட்டைத் தள்ளும் வரை காத்திருக்கும் நொடிகள். குழாயின் விட்டம் 18 மி.மீ., நீளம் 70 மி.மீ. உள்ளே இருப்பது அழுத்திக் கெட்டியாக்கிய வெடிமருந்து. அடியில் இருக்கும் நாசில், அழுத்தி இறுக்கிய வெறும் களிமண்.

3,300 டிகிரிக்குத் தாமிரமும் ஹைட்ரஜனும் தேவைப்பட்ட இடத்தில் களிமண் எப்படித் தாங்குகிறது? எரிவது இரண்டு நொடிக்குள். களிமண் வெப்பத்தை மெதுவாகத்தான் கடத்தும். சூடு உள்ளே இறங்குவதற்குள் எல்லாம் முடிந்துவிடுகிறது.

நாலாம் படியின் சூத்திரத்தை இங்கேயும் போடுங்கள். தொண்டை 3 மி.மீ., கெழு 1.2 என்று வைத்துக்கொண்டால், 6 நியூட்டனுக்கு எரியறை அழுத்தம் சுமார் 7 பார் வருகிறது. எஃப்-1-இல் பத்தில் ஒன்று. 7 பாரிலிருந்து கடல்மட்டத்துக்கு விரிய எவ்வளவு மணி வேண்டும்? பரப்பு விகிதம் 1.8 போதும். 3 மி.மீ. தொண்டைக்கு வாய் 4 மி.மீ. அவ்வளவுதான். அதில் கிடைக்கும் லாபம் 7 சதவீதத்தைச் சுற்றி. அந்த மோட்டாரின் அடியில் வெறும் ஓட்டை மாதிரித் தெரிவதற்குக் காரணம் கஞ்சத்தனம் இல்லை, அதற்கு மேல் விரித்தால் பயனே இல்லை. மாதிரி ராக்கெட்டின் அடியில் அழகுக்காக ஒட்டும் பிளாஸ்டிக் மணிகள் வெறும் அலங்காரம்.

ஒரு கண்டிப்பு. இந்தத் தொண்டையில் கை வைக்காதீர்கள். துளையைப் பெரிதாக்கினால் அழுத்தம் விழுந்து ராக்கெட் ஏவுகம்பியிலேயே நின்று எரியும். சிறிதாக்கினால், ஏதாவது அடைத்துக்கொண்டால், குழாய் வெடிக்கும். தீபாவளி ராக்கெட்டைப் பிரித்து உள்ளே எப்படி இருக்கிறது என்று பார்க்கும் ஆசைக்கும் இதே பதில்தான். மருந்தை நீங்களே கலக்கும் எண்ணம் வந்தால் அதையும் விட்டுவிடுங்கள். இந்தியாவில் அது வெடிபொருள் சட்டத்துக்குள் வரும், உரிமம் இல்லாமல் செய்ய முடியாது. இந்தச் சின்ன மோட்டாரை 1954-இல் செய்தவர் அமெரிக்காவின் நெப்ராஸ்காவில் செருப்புக்கடை வைத்திருந்த ஆர்வில் கார்லைல். பின்னர் ஹாரி ஸ்டைன் அதைத் தொழிலாக வளர்த்தது, பையன்கள் வீட்டில் மருந்து கலந்து விரல்களை இழந்துகொண்டிருந்ததைப் பார்த்துத்தான்.

படி 8: ஏவும் நாளில் நாசிலைப் பார்ப்பது

பற்றவைக்கும் கம்பியின் நுனி நாசில் வழியாக உள்ளே போய் மருந்தைத் தொட வேண்டும். நடுவில் ஒரு மில்லிமீட்டர் இடைவெளி இருந்தாலும் பல சமயம் பற்றாது. புதியவர்களின் ராக்கெட் கிளம்பாமல் நிற்பதற்கு நான் பார்த்தவரை முக்கால்வாசிக் காரணம் இதுதான். கம்பியை நுழைத்ததும் கூடவே வரும் பிளாஸ்டிக் அடைப்பானை அழுத்தி வையுங்கள், கம்பி நழுவாது. இரண்டு கம்பிகளும் ஒன்றையொன்று தொடாமல் இருக்கிறதா என்றும் பாருங்கள்.

சி, டி வகை வரை குறைந்தது 5 மீட்டர் தள்ளி நில்லுங்கள், பெரியவற்றுக்கு 9 மீட்டர். பொத்தானை அழுத்தியும் கிளம்பவில்லை என்றால் பாதுகாப்புச் சாவியை எடுத்துவிட்டு ஒரு முழு நிமிடம் காத்திருந்து, அப்புறம் போய்ப் பாருங்கள்.

ராக்கெட் இறங்கிய பிறகு மோட்டாரைக் கழற்றி, ஆறிய பின் நாசிலை வெளிச்சத்தில் பிடித்துப் பாருங்கள். களிமண் கறுத்திருக்கும், துளையின் விளிம்பு லேசாகத் தேய்ந்திருக்கும். துளை ஒரு பக்கமாகச் சாய்ந்து தேய்ந்திருந்தால் ராக்கெட் வளைந்து பறந்ததற்கு அதுவும் ஒரு காரணமாக இருக்கலாம். துடுப்புகளைச் சரிசெய்யும் முன் இதைப் பார்த்துவிடுங்கள். பார்த்து முடித்ததும் அந்தக் குழாய் குப்பைக்குத்தான், மறுபடி மருந்து நிரப்புவதற்கு அல்ல.